மைன்கிராஃப்டின் கண்டூயிட்: கட்டினால் 42 பிளாக்கும் கட்டுங்கள்

மைன்கிராஃப்ட் உலகத்தில் "தெய்வீகக் கருவி" என்று கூப்பிடத்தக்கது ஒன்று உண்டென்றால் அது கண்டூயிட்தான், நீருக்கடியில் மூச்சும் பார்வையும் தரும் கருவி. கடலடியில் பச்சை நிற பிரிஸ்மரின் கல் வளையங்கள் மூன்று ஒன்றுக்குள் ஒன்றாகப் பின்னி நிற்கும். நடுவில், கருவறையில் இருப்பதுபோல், உள்ளங்கை அளவுப் பெட்டி ஒன்று சுழன்றுகொண்டிருக்கும். சட்டத்தின் ஒவ்வொரு கல்லிலிருந்தும் சின்னச் சின்னத் துகள்கள் கிளம்பி அந்தப் பெட்டியை நோக்கி ஓடும். கடலின் சக்தியைக் கல் உறிஞ்சி நடுவில் சேர்க்கிறது என்பது அந்தக் காட்சியிலேயே புரிந்துவிடும். பக்கத்தில் போனால் இதயத் துடிப்புபோல ஒரு சத்தம்.

2018-இல் வந்த 1.13 பதிப்பில், கடல் முழுவதையும் புதுப்பித்தபோது, இதுவும் சேர்ந்தது. இத்தனை வருடம் ஆகியும் பாதிப் பேர் இதைச் சரியாகக் கட்டுவதில்லை. 16 பிளாக் வைத்து ஒரு வளையம் போட்டதும் "வேலை செய்கிறதே" என்று விட்டுவிடுகிறார்கள். பிறகு "இதற்கா இவ்வளவு அலைச்சல்" என்று குறை சொல்கிறார்கள். அந்தக் குறை கருவியுடையது அல்ல. முழுதாகக் கட்டிய கண்டூயிட்டும் அரைகுறையாகக் கட்டியதும் பெயரளவில்தான் ஒன்று. முழுதுக்கு 10-க்கு 9 கொடுக்கலாம். ஒற்றை வளையத்துக்கு 4 கொடுப்பதே தாராளம்.

இங்கே வரும் எண்கள் கணினியில் ஆடும் ஜாவா பதிப்புக்கானவை. கைப்பேசியில் ஆடும் பெட்ராக்கிலும் செய்முறையும் சட்டத்தின் வடிவமும் இதேதான். சதவீதங்களையும் விநாடிக் கணக்கையும் மட்டும் அப்படியே அங்கே கொண்டுபோகாதீர்கள்.

முதலில் பொருட்கள். கிராஃப்டிங் மேசையில் நடுவே ஒரு ஹார்ட் ஆஃப் தி சீ, சுற்றிலும் எட்டு நாட்டிலஸ் ஓடு. அவ்வளவுதான் செய்முறை. சேகரிப்பதில்தான் நேரம் போகும்.

ஹார்ட் ஆஃப் தி சீ புதையல் பெட்டியில் மட்டுமே கிடைக்கும். பெட்டிக்கு ஒன்று நிச்சயம், அதில் அதிர்ஷ்டக் கணக்கு எதுவும் இல்லை. உடைந்த கப்பலிலோ கடலடி இடிபாடுகளிலோ இருக்கும் பெட்டியில் புதையல் வரைபடம் கிடைக்கும். அதை எடுத்துக்கொண்டு சிவப்பு பெருக்கல் குறிக்குப் போக வேண்டும். கப்பல் எதுவும் கண்ணில் படவில்லையா? டால்பினுக்குச் சமைக்காத காட் மீனோ சால்மனோ கொடுங்கள், வழிகாட்டிக்கொண்டு முன்னால் நீந்தும்.

குறியின் மேல் போய் நின்றதும் கண்மூடித்தனமாகத் தோண்டுவதுதான் எல்லோரும் செய்யும் தப்பு. வரைபடத்தில் அந்தக் குறி பல பிளாக் அகலத்துக்குத் தடித்துத் தெரியும். அதை நம்பித் தோண்டினால் கடற்கரையே பள்ளமாகும். ஜாவாவில் புதையல் பெட்டி எப்போதும் சங்க்கின் (உலகம் பிரிக்கப்பட்டிருக்கும் 16-க்கு 16 பிளாக் கட்டத்தின்) உள்ளே 9, 9 என்ற இடத்தில்தான் இருக்கும். எஃப்3 அழுத்தினால், பிளாக் வரிசையின் எண்களுக்குப் பக்கத்தில் சதுர அடைப்புக்குள் மூன்று எண்கள் தெரியும். முதலாவதும் மூன்றாவதும் 9 ஆகும்வரை நகர்ந்து, நேராகக் கீழே தோண்டுங்கள். ஒரே குழியில் பெட்டி கிடைத்துவிடும். அருகருகே இருக்கும் இரண்டு கப்பல்களின் வரைபடங்கள் ஒரே புதையலைக் காட்டுவது சகஜம். இரண்டாவது வரைபடம் கிடைத்த சந்தோஷத்தில் கிளம்புவதற்கு முன் இரண்டையும் ஒப்பிட்டுப் பாருங்கள்.

நாட்டிலஸ் ஓடுதான் பொறுமையைச் சோதிக்கும். முக்கியமாக மூன்று வழிகள் உண்டு. இயற்கையாகத் தோன்றும் டிரவுண்டுகளில், அதாவது நீருக்குள் திரியும் ஸோம்பிகளில், 3 சதவீதம் இதைக் கையில் பிடித்திருக்கும். பிடித்திருப்பதைக் கொன்றால் ஓடு தவறாமல் விழும். ஆனால் கணக்குப் போட்டுப் பாருங்கள். எட்டு ஓட்டுக்குச் சராசரியாக 267 டிரவுண்டு. எனவே எல்லாவற்றையும் வெட்டித் தள்ள வேண்டியதில்லை, கையைப் பார்த்துத் தேர்ந்தெடுத்துக் கொன்றால் போதும். இன்னொரு விஷயம்: சாதாரண ஸோம்பியைத் தண்ணீரில் மூழ்கடித்து டிரவுண்டாக்கினால் அதன் கையில் ஓடு வராது. ஸோம்பிகளை உண்டாக்கும் ஸ்பானரை வைத்து டிரவுண்டு பண்ணை கட்டிவிட்டு ஓடு வரவில்லையே என்று காத்திருப்பது வீண்.

இரண்டாவது வழி மீன்பிடிப்பு. வெறும் தூண்டிலில் ஒரு தடவைக்கு 1 சதவீதத்துக்கும் கீழே. தூண்டிலில் லக் ஆஃப் தி சீ 3 என்ற மந்திரத்தைப் போட்டால் கிட்டத்தட்ட 2 சதவீதம். 1.16-இலிருந்து திறந்த நீரில் மட்டுமே புதையல் வகை சிக்கும். வீட்டுக்குள் ஒற்றை பிளாக் குழியில் தண்ணீர் ஊற்றி மீன்பிடித்தால் வெறும் மீனும் குப்பையும்தான் வரும். மூன்றாவது, ஊர் சுற்றும் வியாபாரி. ஓடு ஒன்றுக்கு 5 மரகதம். எட்டுக்கும் சேர்த்து 40. அவர் எப்போது இந்த ஓட்டைக் கொண்டுவருவார் என்பது அவருக்கே வெளிச்சம். ஆனாலும் கிராமத்தில் மரகத வரும்படி உள்ளவர்களுக்கு இதுதான் மலிவு. லாமாவுக்காக அவரை அடித்து விரட்டும் பழக்கம் இருந்தால் அதை நிறுத்துங்கள்.

சட்டத்துக்கு நான்கே வகைக் கல் செல்லும்: பிரிஸ்மரின், பிரிஸ்மரின் செங்கல், கறுப்பு பிரிஸ்மரின், சீ லாண்டர்ன். கலந்தும் வைக்கலாம். படிக்கட்டு, ஸ்லாப், சுவர் வடிவங்கள் எதுவும் கணக்கில் சேராது. அழகுக்காக மூலையில் பிரிஸ்மரின் படிக்கட்டு வைத்தால் அந்த இடம் காலி என்றே கருவி எண்ணும். பிரிஸ்மரின் துண்டுகளிலிருந்து செய்வதானால் சாதா பிரிஸ்மரினுக்கு 4 துண்டு, செங்கலுக்கு 9, கறுப்புக்கு 8 துண்டும் ஒரு கறுப்புச் சாயமும், சீ லாண்டர்னுக்கு 4 துண்டும் 5 படிகமும். 42 பிளாக்கும் சாதா பிரிஸ்மரினில் என்றால் 168 துண்டு. செங்கலில் என்றால் 378. சக்தியில் ஒரு துளி வித்தியாசமும் இல்லை. கண்டூயிட்டே 15 அளவு வெளிச்சம் தருவதால் வெளிச்சத்துக்கென்று சீ லாண்டர்ன் தேட வேண்டியதும் இல்லை. சாதா பிரிஸ்மரின் போதும். அதன் நிறம் மெல்ல மாறிக்கொண்டே இருப்பதும் இந்தக் கருவிக்குப் பொருத்தம்.

பிரிஸ்மரின் மொத்தமாகக் கிடைப்பது ஓஷன் மாண்யுமென்ட் எனும் கடலடிக் கோட்டையில். மாண்யுமென்ட்டைத் தாக்கத்தான் கண்டூயிட் அதிகம் தேவைப்படும். கண்டூயிட்டுக்கோ மாண்யுமென்ட் தேவை. கல்யாணம் ஆனால்தான் பைத்தியம் தெளியும், பைத்தியம் தெளிந்தால்தான் கல்யாணம் ஆகும் என்ற கதைதான். வடிவமைப்பில் இதுதான் பெரிய குறை. முதல் தடவைக்கு நீர்மூச்சு மருந்தோடு போய், மாண்யுமென்ட்டின் வெளித்தூண்களிலிருந்து 42 கல்லை மட்டும் பெயர்த்துக்கொண்டு திரும்புவது நல்லது. ரெட்ஸ்டோன் சேர்த்த மருந்து 8 நிமிடம் நிற்கும், சேர்க்காதது 3 நிமிடம்தான். அங்கே காவல் இருக்கும் பெரிய மீன் அரக்கன் எல்டர் கார்டியன் விடும் சோர்வு 50 பிளாக் தூரம் வரை எட்டும், 5 நிமிடம் நிற்கும். அந்தச் சோர்வில் கல் பெயராது. வாளியில் பால் குடித்தால் தெளியும். ஆனால் நிமிடத்துக்கு ஒரு தடவை மறுபடி பிடிக்கும். பால் குடித்த கையோடு வெட்டத் தொடங்க வேண்டும், சுற்றிப் பார்க்க நேரமில்லை. நான்கைந்து வாளி பால் இருந்தால் 42 கல் எடுத்துவிடலாம்.

இனி கட்டுமானம். இதில்தான் குழப்பம் அதிகம். ஆனால் ஒரு சூத்திரத்தை மனப்பாடம் செய்துகொண்டால் போதும்: 9, 4, 16, 4, 9. கீழிருந்து மேலாக ஐந்து அடுக்கு. முதல் அடுக்கு ஒரு கூட்டல் குறி, ஒவ்வொரு கையும் நடுவிலிருந்து இரண்டு பிளாக், மொத்தம் 9. இரண்டாவதில் அந்தக் கூட்டல் குறியின் நான்கு நுனிகளுக்கு மேல் ஒவ்வொரு கல், மொத்தம் 4. மூன்றாவது அடுக்கு 5-க்கு 5 சதுரத்தின் ஓரம், மூலைகளோடு சேர்த்து 16. நான்காவது இரண்டாவதைப் போலவே 4. ஐந்தாவது முதலாவதைப் போலவே 9. கூட்டினால் 42. மூன்றாவது அடுக்கின் நட்டநடுவில் கண்டூயிட்.

நெதர் வாசல் கட்டிப் பழகியவர்கள் இங்கே ஒரு தப்பு செய்வார்கள். அந்த வாசலில் மூலைக் கல்லை மிச்சம் பிடிக்கலாம். அதே பழக்கத்தில் இங்கேயும் மூன்று வளையங்களின் மூலைகளை விட்டுவிட்டால் 12 கல் போய்விடும். மிச்சம் 30. கருவி இயங்கும், துகள்களும் ஓடும், எல்லாம் சரியாக இருப்பதுபோலவே தெரியும். சக்தி எட்டும் எல்லைதான் 96 பிளாக்குக்குப் பதில் 64 ஆக நிற்கும். அரக்கரைத் தாக்கும் சக்தியும் வராது.

எல்லைக் கணக்கு இப்படி. ஒவ்வொரு 7 கல்லுக்கும் 16 பிளாக் எல்லை. மிச்சக் கல்லுக்கு எதுவும் கிடையாது. இயங்கத் தொடங்கக் குறைந்தது 16 கல் வேண்டும், அப்போது 32 பிளாக். 21-க்கு 48, 28-க்கு 64, 35-க்கு 80, 42-க்கு 96. அதனால் 16 வைத்தவர் 20 வரை கூட்டினாலும் பலன் பூஜ்யம்தான். 41 வைத்தவர் 35 வைத்தவரைவிட எந்த விதத்திலும் மேல் இல்லை. 16 கல்லும் ஒரே வளையமாக இருக்க வேண்டும் என்றில்லை. 42 இடங்களில் எந்த 16 இடமானாலும் சரி. கல் சேரச் சேர வைத்துக்கொண்டே போகலாம்.

எல்லை என்பது கோளம், தரையில் சக்தி தரும் பீக்கன் கருவியைப்போல் வானம் வரை எட்டும் தூண் அல்ல. கண்டூயிட்டைக் கடலின் மேற்பரப்பில் வைத்தால் கோளத்தின் பாதி ஆகாயத்தில் வீணாகும். ஆழ்கடல் தரையை ஒட்டி வைத்தால் பாதி மண்ணுக்குள் போகும். வேலை நடக்கும் ஆழத்தில் வைப்பதுதான் சரி.

அடுத்தது தண்ணீர். கண்டூயிட்டைச் சுற்றி 3-க்கு 3-க்கு 3 இடம் முழுவதும் நீராக இருக்க வேண்டும். ஓடும் நீரும் செல்லும். நீர் நிரம்பிய ஸ்லாப்பும் செல்லும். கெல்ப், கடற்புல் இருந்தாலும் பரவாயில்லை. காற்றோ, நீரில்லாத கல்லோ ஒன்று இருந்தாலும் கருவி செத்த மாதிரி கிடக்கும்.

பெரும்பாலான "என் கண்டூயிட் ஓடவில்லை" புகார்களுக்கு மூலம் இங்கேதான். நடுநீரில் கண்டூயிட்டை வைக்க ஏதாவது ஒரு பிளாக்கின் மேல்தான் கிளிக் செய்ய முடியும். அடியில் மண்ணோ கல்லோ ஒன்றைத் தாங்கலாக வைத்து, அதன் மேல் கண்டூயிட்டை வைத்துவிட்டு, அந்தத் தாங்கலை எடுக்க மறந்துவிடுவார்கள். 27 இடத்தில் ஒன்று நீரில்லாமல் போனது, கதை முடிந்தது. முறை இதுதான்: முதல் அடுக்கின் நடுக்கல்லின் மேல் ஒரு தற்காலிக பிளாக், அதன் மேல் கண்டூயிட், உடனே தற்காலிக பிளாக்கை உடைத்து எடுத்துவிட வேண்டும். கண்டூயிட் கீழே விழாது, நீரில் அப்படியே மிதந்து நிற்கும். எடுத்த இடத்தில் சுற்றியுள்ள நீர் தானாக நிறையும்.

மாண்யுமென்ட்டுக்கு அருகில் கட்டும்போது தாங்கலுக்கு ஸ்லைம் பிளாக் வையுங்கள். கட்டுவதற்குச் சோர்வு தடையில்லை, உடைப்பதற்குத்தான் தடை. சோர்வு பிடித்த நேரத்தில் மண் கட்டியைத் தாங்கலாக வைத்தால் அதை எடுக்கவே முடியாமல் பால் வாளியைத் தேடிக்கொண்டு நிற்க வேண்டும். ஸ்லைம் பிளாக்கின் கடினம் பூஜ்யம். எவ்வளவு சோர்வானாலும் ஒரே தட்டில் போய்விடும். தேன் பிளாக்கும் அப்படியே. சட்டக் கல்லைத் தப்பான இடத்தில் வைத்துவிட்டால் இந்த வசதி கிடையாது. அதனால் அந்த இடத்தில் 9-4-16-4-9 கணக்கை விரல்விட்டு எண்ணிக்கொண்டே வையுங்கள்.

சரியாகக் கட்டியாகிவிட்டதா என்று எப்படித் தெரிந்துகொள்வது? நடுப் பெட்டியைப் பாருங்கள். மூடிய ஓடாகக் கிடந்தால் இயங்கவில்லை. ஓடு விலகி, சுழலும் வளையத்துக்கு நடுவே ஒரு கண் தெரிந்தால் இயங்குகிறது. அந்தக் கண் மூடியிருந்தால் சட்டத்தில் 16 முதல் 41 கல் வரை இருக்கிறது. திறந்திருந்தால் 42-ம் சரி. கண் திறப்பது என்பது நம் ஊர்ச் சிற்பிகளுக்குச் சிலையின் கடைசி வேலை. இங்கேயும் அப்படித்தான். கண் மூடியே இருந்தால் எங்கோ ஒரு கல் இடம் மாறியிருக்கிறது என்று அர்த்தம். 2 விநாடிக்கு ஒரு தடவை கருவி சட்டத்தை எண்ணிப் பார்க்கிறது. கல்லை வைத்ததும் ஒரு மூச்சு நேரம் பொறுத்துப் பாருங்கள்.

தரையில்கூடக் கட்டலாம் என்பது பலருக்குத் தெரியாது. நீர் வேண்டியது உள்ளே இருக்கும் 27 இடத்துக்கு மட்டும்தான். சட்டத்துக்கு வெளியே காற்று இருந்தால் என்ன? நீர் ஒழுகாமல் இருக்க 20 கண்ணாடி பிளாக் போதும். முதல் அடுக்கில் கூட்டல் குறியின் கைகளுக்கு நடுவே, மையத்தை ஒட்டிய நான்கு மூலைக்கு 4. இரண்டாவது அடுக்கில், நான்கு கற்களின் இருபுறமும் ஒவ்வொன்றாக 8. நான்காவது அடுக்கில் அதேபோல் 8. நடு அடுக்கில் சட்டமே சுவராகிவிடுகிறது. மேலே மூடி தேவையில்லை, நீர் மேல்நோக்கி ஒழுகாது. ஒவ்வொரு நீரடுக்கிலும் நான்கு மூலைகளில் ஒரு வாளி வீதம் ஊற்றினால் மிச்சம் தானாக நிறையும். மூன்று அடுக்குக்கு 12 வாளி. ஐந்தாவது அடுக்கின் 9 கல்லைக் கடைசியில் வையுங்கள். அதை முதலில் வைத்தால் வாளி உள்ளே போகக் குறுகிய இடமே இருக்கும்.

தரைக் கண்டூயிட்டுக்கு என்ன பயன்? ஆற்றோரத்தில் வீடு இருந்தால் ஆறு முழுவதும் எல்லைக்குள் வரும். மழையிலும் சக்தி பாயும், ஏனென்றால் கருவிக்கு நீரும் மழையும் ஒன்றுதான். பாலைவனத்தில் மழை பெய்யாது, பனிப் பிரதேசத்தில் விழும் பனி மழையாகக் கணக்கில் வராது. அங்கேயெல்லாம் வீட்டு வாசலில் வைத்தால் அலங்காரம் மட்டும்தான்.

இனி தரும் சக்தி என்ன என்று பார்ப்போம். எல்லைக்குள் நீரிலோ மழையிலோ இருக்கும் ஒவ்வொரு ஆட்டக்காரருக்கும் கண்டூயிட் பவர் வரும். ஒவ்வொரு தடவையும் 13 விநாடி, 2 விநாடிக்கு ஒருமுறை புதுப்பிக்கப்படும். எல்லையைத் தாண்டியதும் மூச்சு நின்றுவிடாது, திரும்பி வர 13 விநாடி அவகாசம் உண்டு. மூச்சுக் குமிழ் குறையாது. இது சுத்தமாக, ஒரு குறையும் இல்லாமல் வேலை செய்கிறது.

பார்வை கொஞ்சம் நிதானமாக வரும். தண்ணீருக்குள் தலை போன 5 விநாடியில் பாதிக்கு மேல் தெளியும். முழுத் தெளிவுக்கு 30 விநாடி ஆகும். தலையை வெளியே தூக்கினால் அந்தத் தெளிவு சீக்கிரமே கரையத் தொடங்கும். மேலே போய்ப் போய் எட்டிப் பார்ப்பவருக்குக் கண்டூயிட் "மங்கலாக" இருக்கிறது என்று தோன்றுவதற்கு இதுதான் காரணம்.

தோண்டும் வேகத்தில்தான் இந்தக் கருவிக்குத் தகுதிக்கு மீறிய பெயர். "கண்டூயிட் இருந்தால் தண்ணீருக்குள் தரையில் வெட்டுவதுபோல் வெட்டலாம்" என்று பரவலாகச் சொல்கிறார்கள். உண்மை அதுவல்ல. அது தருவது 20 சதவீதக் கூடுதல் வேகம், தோண்டும் வேகத்தைக் கூட்டும் ஹேஸ்ட் சக்தியின் முதல் நிலை அளவுக்கு. தண்ணீருக்குள் தலை இருந்தால் வெட்டும் வேகம் ஐந்தில் ஒரு பங்காகும். கால் தரையில் படாமல் மிதந்தால் இன்னும் ஐந்தில் ஒரு பங்கு. இந்த இரண்டு அபராதத்தையும் கண்டூயிட் நீக்குவதே இல்லை.

எந்த என்சான்ட்மென்ட்டும் (மந்திரமும்) இல்லாத வைரப் பிக்காக்ஸில் சாதா கல் ஒன்றை எடுத்துக்கொள்வோம். தரையில் 0.3 விநாடி. நீரடியில் நின்றுகொண்டு 1.45 விநாடி. கண்டூயிட்டோடு 1.2 விநாடி. மிதந்துகொண்டே என்றால் 7.05, கண்டூயிட்டோடு 5.9. இப்போது ஹெல்மெட்டில் நீரடி அபராதத்தை நீக்கும் அக்வா அஃபினிட்டி மந்திரத்தைப் போடுங்கள். நின்று வெட்டினால் 0.3 விநாடிக்கே திரும்பிவிடும், கண்டூயிட்டும் சேர்ந்தால் 0.25. ஆக, அக்வா அஃபினிட்டி இல்லாமல் கண்டூயிட்டை மட்டும் நம்பிக் கடலடியில் சுரங்கம் வெட்டக் கிளம்புவது அசட்டுத்தனம். அந்த ஹெல்மெட் முதலில், கண்டூயிட் பிறகு. பீக்கனின் ஹேஸ்ட்டோடு இது கூடாது என்பதையும் குறித்துக்கொள்ளுங்கள். இரண்டில் எது பெரிதோ அதுதான் செல்லும்.

தாக்கும் சக்தி 42 கல் இருந்தால் மட்டும். 8 பிளாக்குக்குள், நீரிலோ மழையிலோ இருக்கும் பகை உயிர் ஒன்றைத் தேர்ந்தெடுத்து 2 விநாடிக்கு ஒரு தடவை 4 புள்ளி, அதாவது இரண்டு இதயம் குறைக்கும். டிரவுண்டுக்கு 20 புள்ளி உயிர், ஐந்து அடி, சுமார் 10 விநாடி. கார்டியனுக்கு 30, எட்டு அடி, 16 விநாடி. ஒரு நேரத்தில் ஒன்றைத்தான் தாக்கும். மூன்று டிரவுண்டு ஒன்றாக வந்தால் மூன்றாவது சாக அரை நிமிடம் ஆகும். அதற்குள் அது உங்களை இரண்டு குத்துக் குத்திவிடும். 8 பிளாக்குக்கு வெளியே நின்று திரிசூலம் எறிகிறவனை இது தொடுவதில்லை. கருவி கொன்றால் அனுபவப் புள்ளியும் வராது. எல்லை 96, அடி 8 என்ற இந்த இடைவெளியை மறந்து, கண்டூயிட் இருக்கும் தைரியத்தில் கவசமில்லாமல் நீந்துகிறவர்கள்தான் செத்துப் போகிறார்கள். வீட்டு வாசலைக் காக்கும் நாய் என்று நினைத்தால் ஏமாற்றம் இல்லை. கோட்டைப் படை என்று நினைத்தால் ஏமாற்றம்தான்.

பீக்கனோடு ஒப்பிடாமல் விட முடியாது. பீக்கனுக்கு ஒரு நெதர் ஸ்டார், 5 கண்ணாடி, 3 அப்சிடியன். நெதர் ஸ்டாருக்கு விதர் என்ற பெரிய அரக்கனைக் கொல்ல வேண்டும். விதருக்கு மூன்று விதர் எலும்புக்கூட்டுத் தலை, அது விழும் வாய்ப்பு 2.5 சதவீதம். பிறகு நான்கடுக்குப் பிரமிடுக்கு 164 பிளாக், இரும்பில் 1,476 கட்டி. அத்தனைக்கும் எல்லை 50 பிளாக். சக்தியை மாற்ற ஒவ்வொரு தடவையும் ஒரு கட்டி காணிக்கை வேறு. கண்டூயிட்டுக்கு ஒரு தடவை கட்டியபின் ஒரு செலவும் கிடையாது. ஆனால் பீக்கன் தரையிலும் வேலை செய்யும், இரண்டாம் நிலை ஹேஸ்ட் தரும். கடலில் வீடு கட்டுகிறவருக்குக் கண்டூயிட், மலையைச் சமமாக்குகிறவருக்குப் பீக்கன். கடலடியில் மலையளவு தோண்டப் போகிறவருக்கு மட்டும் இரண்டும் வேண்டியிருக்கும்.

நண்பர்களோடு சர்வரில் ஆடுகிறவர்களுக்குச் சில எச்சரிக்கைகள். கண்டூயிட் ஆள் பார்ப்பதில்லை. எதிரி அணியும் எல்லைக்குள் வந்தால் மூச்சும் பார்வையும் அவர்களுக்கும் உண்டு. அவர்கள் அதை உடைக்க விசேஷக் கருவி எதுவும் தேவையில்லை, வெறுங்கையாலேயே பெயர்த்து எடுத்துக்கொண்டு போகலாம். சட்டத்தைச் சுற்றி ஒரு அடுக்கு அப்சிடியனாவது போட்டு வையுங்கள். சர்வரின் சிமுலேஷன் தூரத்தை, அதாவது ஆட்டக்காரரைச் சுற்றி எத்தனை சங்க் வரை உலகம் இயங்கும் என்பதையும், கேட்டுத் தெரிந்துகொள்ளுங்கள். 96 பிளாக் என்பது 6 சங்க். அந்தத் தூரத்தை 4 என்று குறைத்து வைத்திருக்கும் சர்வரில், நீங்கள் விலகிப் போனதும் கண்டூயிட் இருக்கும் சங்க் உறங்கிவிடும். காகிதத்தில் 96, கையில் 64-க்குப் பக்கம். கருவியில் பழுது என்று சட்டத்தைப் பிரித்துக் கட்டி நேரத்தை வீணாக்காதீர்கள்.

இன்னொன்று வைத்தால் சக்தி இரட்டிக்காது. எல்லை மட்டும் நீளும். இரண்டு கோளமும் சரியாகத் தொடும் தூரம் 192 பிளாக் என்றாலும், தொடும் இடத்தில் அகலம் ஒன்றுமே இருக்காது. 150 பிளாக் இடைவெளி விட்டால் நடுவில் கொஞ்சம் தாராளமாக நீந்தலாம்.

மாண்யுமென்ட்டின் அளவு 58-க்கு 58. அதன் கூரைக்குச் சற்று மேலே, நடுவில் ஒரு முழுக் கண்டூயிட் வைத்தால் கட்டடம் மொத்தமும் எல்லைக்குள் அடங்கும். மூன்று எல்டர் கார்டியனையும் முடித்துவிட்டு, கார்டியன் பண்ணைக்காகத் தண்ணீரை வற்றவைக்கும் வேலையில்தான் இந்தக் கருவி தன் முழு விலையையும் திருப்பித் தரும். மணிக்கணக்கில் நீரடியில் இருக்க வேண்டிய வேலை அது, மருந்துக் குப்பி கட்டுப்படியாகாது. அங்கே ஒரு ஆபத்து மட்டும் உண்டு. ஸ்பாஞ்ச் 7 பிளாக் தூரம் வரை நீரை உறிஞ்சும். கண்டூயிட்டுக்குப் பக்கத்தில் ஒன்றைப் போட்டுவிட்டால் 27 இடத்து நீரையும் அது குடித்துவிடும். 13 விநாடியில் உங்கள் மூச்சும் குறையத் தொடங்கும், சுற்றிலும் கும்மிருட்டு. சட்டத்தைச் சுற்றி முன்பு சொன்ன 20 கண்ணாடியையும் மேலே மூடியாக இன்னும் 4-ஐயும் முதலிலேயே வைத்துவிட்டு ஸ்பாஞ்சைக் கையில் எடுங்கள்.